இரண்டு துறைக்கும் வேண்டாத கற்காளான்

அவள் கல்லூரி ஆய்வகத்தில் உதவியாளராகச் சேர்ந்தபோது வயது இருபத்திரண்டு. குடுவை கழுவுவது, மேசை துடைப்பது, மாணவர்கள் சிந்தும் அமிலத்தின்மேல் சோடாத்தூள் தூவுவது, இதுதான் வேலை. மூன்றே மாதத்தில் எல்லோருக்கும் ‘லேப் அக்கா’ ஆகிவிட்டாள். அவள் அப்பா வயதுப் பேராசிரியர்கள்கூட அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள்.

அந்த வருடம்தான் ஏதோ ஒரு சுரங்கத்திலிருந்து மரப்பெட்டியில் அது வந்து இறங்கியது. கால்பந்து அளவு இருக்கும். அடிப்பாகம் ஊறிய தோல் மாதிரி மெத்தென்று இருந்தது. மேலே போகப்போகக் கெட்டிப்பட்டு, ஆறு பட்டையுள்ள கண்ணாடி முட்களாக நின்றது. வெளிச்சத்தில் பார்த்தால் முள்ளுக்குள் வெள்ளை இழைகள் ஓடுவது தெரியும். தாவரவியல் பேராசிரியர் பென்சிலால் தட்டிப் பார்த்தார். ணங்கென்றது. இது கல், வேதியியலுக்கு அனுப்புங்கள் என்றார். வேதியியல் பேராசிரியர் முகர்ந்து பார்த்துவிட்டு, இது காளான், அவருக்கே திருப்பி அனுப்புங்கள் என்றார். ஒரு வாரம் பந்தாடப்பட்டபின், இரண்டு ஆய்வகத்துக்கும் நடுவிலுள்ள நடைவழியில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் அது கேட்பாரற்றுக் கிடந்தது. யாரோ கற்காளான் என்று பெயர் வைத்தார்கள். அத்தோடு அவர்கள் கடமை முடிந்தது.

லேப் அக்காவுக்கு மனசு கேட்கவில்லை. குடுவை கழுவிய படிகாரத் தண்ணீரை அதன்மேல் ஊற்றினாள். திங்கட்கிழமை வந்து பார்த்தால் புதிதாக ஒரு முள், குண்டூசி உயரத்துக்கு. மறுநாள் ஒரு சிட்டிகைச் சர்க்கரையும் கரைத்து ஊற்றினாள். அப்புறம் அதைப் பிடிக்க முடியவில்லை.

வருடக் கடைசியில் இருப்பைச் சரிபார்க்க ஸ்டோர் கீப்பர் வந்தார். ஒல்லியான மனிதர். சட்டைப் பையில் இரண்டு பேனா, ஓர் அளவுகோல். பதிவேட்டில் ஓர் எழுத்து தப்பாக விழுந்தாலும் அன்றைக்கு அவருக்குச் சோறு இறங்காது. அந்தப் பதிவேட்டில் உயிருள்ளவை ஒரு பக்கம், உயிரற்றவை ஒரு பக்கம். கற்காளான் முன்னால் பேனாவைத் திறந்துகொண்டு வெகுநேரம் நின்றார்.

“இதை எந்தப் பக்கத்துல எழுதுறதுங்க?”

“வளருது சார். தினமும் பார்க்கிறேனே.”

“எவ்வளவு வளருது?”

அது அவளுக்குத் தெரியவில்லை. அடுத்த மாதம் வந்து அளந்து பார்ப்பதாகச் சொல்லிவிட்டுப் போனார். வருடத்துக்கு ஒருமுறை வரவேண்டியவர் மாதத்துக்கு ஒருமுறை வந்தார். பிறகு வாரத்துக்கு ஒருமுறை. ஒரு வாரத்தில் அப்படி என்ன வளர்ந்துவிடும் என்று அவளும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. எட்டு மாதம் கழித்து ஒருநாள் அளவுகோலை மறந்துவிட்டு வந்தார். பையைத் தடவினார். காது சிவந்துபோயிற்று.

“அளக்க வரலீங்க. உங்களைப் பார்க்கத்தான் வந்தேன்.”

லேப் அக்கா ஈரக்கையைத் துண்டில் துடைத்துக்கொண்டே, வீட்டுக்கு வந்து அப்பாவிடம் பேசச் சொன்னாள்.

கல்யாணமாகி ஏழாவது வருடம் புது முதல்வர் வந்தார். நடைவழியில் கிடக்கும் குப்பையையெல்லாம் அள்ளிப் போடச் சொல்லி உத்தரவு. கற்காளானை வீட்டுக்குக் கொண்டுபோய்விடலாம் என்றாள் அவள். பதிவேட்டில் காரணம் எழுத வேண்டுமே என்று கணவர் தவித்தார். பொய் எழுதக் கை வராது. கடைசியில் இடுக்கியால் இருப்பதிலேயே சின்ன முள்ளைக் கிள்ளி எடுத்தார். “உடைந்தது, நீக்கப்பட்டது” என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். அவள் சிரித்த சிரிப்பில் தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

“சிரிக்காதே. எழுதினது உண்மைதானே?” என்றார்.

ஈரத் துண்டால் மூடி, வாளியில் வைத்து, பஸ்ஸில் மடியிலேயே கொண்டுவந்தார்கள். குளியலறை மூலையில் அது வேரூன்றியது. மகள் அதோடுதான் வளர்ந்தாள். மழைக்காலத்தில் கற்காளான் மினுமினுக்கும் தூளை உதிர்க்கும். துண்டெல்லாம் மினுங்கும். பிள்ளை பள்ளிக்கூடத்துக்கு ஜிகினா பூசிக்கொண்டு வருகிறாள் என்று டீச்சர் கடிதமே அனுப்பினார். கணவர் இரண்டு பக்கத்துக்கு விளக்கம் எழுதிக் கொடுத்தார். டீச்சர் அதற்குப் பிறகு எதுவும் கேட்கவில்லை.

நான்கு வருடத்துக்கு முன் கணவர் ஆஸ்பத்திரியில் ஐந்து வாரம் கிடந்து போய்ச் சேர்ந்தார். அவள் வீடு திரும்பியபோது முட்களெல்லாம் சுண்ணாம்பு மாதிரி வெளுத்திருந்தன. இதுவும் போயிற்று என்று நினைத்தாள். ஆனாலும் கைப்பழக்கத்தில் காலையில் படிகாரத் தண்ணீரை ஊற்றிக்கொண்டிருந்தாள். ஒன்பதாம் நாள் ஒரு முள்ளின் நுனி மட்டும் தெளிந்து, உள்ளே இழை தெரிந்தது. அன்றுதான் குழாயைத் திறந்துவிட்டு வாய்விட்டு அழுதாள்.

இப்போது மகளோடு மூன்றாவது மாடியில் இருக்கிறாள். கற்காளானும் கூடவே வந்தது. போன மாதம் அது வாஷிங் மெஷினின் அடியில் பரவி ஒரு காலைப் பிடித்துக்கொண்டது. வந்த மெக்கானிக், இதைச் சுரண்டித்தான் எடுக்கணும் என்று உளியை எடுத்தார். லேப் அக்கா வாயைத் திறப்பதற்குள் மகள் குறுக்கே வந்து நின்றாள்.

“அதைத் தொடாதீங்க. மெஷின் காலைக் கழட்டிட்டு, மெஷினை வெளியே எடுத்துடுங்க.”

அதனால் வாஷிங் மெஷின் ஹாலில், சோபாவுக்குப் பக்கத்தில் நிற்கிறது. வருகிறவர்கள், இது ஏன் இங்கே இருக்கிறது என்று கேட்கிறார்கள். லேப் அக்கா அவர்களை உட்காரச் சொல்கிறாள். காபியா, டீயா என்று கேட்டுக்கொண்டு, ஓர் ஒல்லியான மனிதரைப் பற்றிச் சொல்ல ஆரம்பிக்கிறாள்.