மாதாவின் தேய்ந்த பாதம்

பெர்னடெற் மன்னார்க்காரி. வீடு மனோர் பார்க்கில். காலையில் எலிசபெத் லைன் ரயிலில் ஏறி, பிறகு பஸ் பிடித்து, தேம்ஸ் ஓரத்து அரண்மனை ஒன்றுக்கு வேலைக்குப் போய்வந்தாள். அங்கே இப்போது ராசாவும் இல்லை, ராணியும் இல்லை, அது மியூசியம். கூரை முழுக்கச் சிறகு விரித்துப் பறக்கிற சம்மனசுகள், சுவர் முழுக்க ஓவியங்கள், யாரும் உட்காராத தங்கமுலாம் நாற்காலிகள், யாரும் தேநீர் குடிக்காத கோப்பைகள். இவற்றை ஒருவரும் தொடாமல் பார்த்துக்கொள்வதுதான் அவள் வேலை. அதற்கு முன் இல்ஃபோர்டில் ஒரு கடையில் மீன் வெட்டினாள். ஏஜென்சி மூலம் கிடைத்த இந்த வேலையை நிரந்தரமாக்கித் தருவதாகச் சொல்லியிருந்தார்கள். அந்த நம்பிக்கையில் கறுப்புக் கோட்டை நாள்தோறும் அயர்ன் பண்ணிப் போட்டுக்கொண்டு போவாள்.

அவள் காவல் நின்ற அறையில் ஒரு மாதா இருந்தாள். போர்த்துக்கல் நாட்டுக் கோயில் ஒன்றிலிருந்து வந்த மரச்சிலை. வலது பாதத்தில் பூச்செல்லாம் போய், பெருவிரல் மழுங்கி, மரம் வழவழவென்று தெரியும். பக்கத்துப் பலகையில் அதைத்தான் பெருமையாக எழுதி வைத்திருந்தார்கள்: தலைமுறை தலைமுறையாகப் பக்தர்கள் தொட்டு முத்தமிட்டுத் தேய்ந்த பாதமாம், சிலையின் அரிய சிறப்பே அதுவாம். வருகிறவர்கள் வாசித்து உருகிப் படம் எடுத்துக்கொண்டு போவார்கள்.

வியாழக்கிழமை மாலைகளில் அந்த அறையை விருந்துக்கு வாடகைக்கு விடுவார்கள். அப்போது மட்டும் சிலையைச் சுற்றிய கயிறும் அலாரமும் இருக்காது. ஒருமுறை கோட்டுப் போட்ட ஒருவன் தன் வைன் கிளாஸை மாதாவின் காலடியில் வைத்துவிட்டு ஊர்க்கதை பேசிக்கொண்டு நின்றான். பெர்னடெற் போய் மேற்பார்வையாளர் கிரெக்கிடம் சொன்னாள். "அவர்கள் நம் விருந்தினர்கள், விட்டுவிடு" என்றார் அந்த மனிதர். அவளே கிளாஸை எடுத்து, பீடத்தில் இருந்த ஈரத்தைக் கைலேஞ்சியால் துடைத்தாள்.

போன தவக்காலத்தில் எங்கள் கோயில் பங்கிலிருந்து ஒரு பஸ் நிறைய அங்கே போனோம். அருள்நாயகி அக்காவும் வந்திருந்தார். மகள் மரினாவுக்கு மறுநாள் ஒப்பரேஷன். வீட்டில் தனியே இருந்தால் அழுதுகொண்டே இருப்பார் என்று நாங்கள்தான் இழுத்துக்கொண்டு போனோம். மாதாவைக் கண்டதும் அவருக்கு மியூசியமாவது மண்ணாங்கட்டியாவது! கயிற்றுக்கு மேலால் கையை நீட்டிப் பாதத்தைத் தொட்டு, தொட்ட கையை உதட்டில் வைத்து முத்தி செய்து கண்ணில் ஒற்றிக்கொண்டார். எங்கள் கோயில்களில் நாங்கள் எல்லாரும் செய்வது அதுதான்.

அலாரம் கத்தியது. கிரெக் ஓடிவந்தார். ஊரே பார்த்துக்கொண்டு நிற்க, களவெடுத்தவளைப் பிடித்ததுபோல அக்காவை மறித்துக்கொண்டு நின்றார்.

"உங்கள் ஆட்களுக்கு இதுகூடத் தெரியாதா?" என்று பெர்னடெற்றைப் பார்த்துக் கேட்டார். "உன் மொழியில் சொல்லு. மன்னிப்புக் கேட்டுவிட்டு வெளியே போகட்டும்."

அக்கா பெர்னடெற்றின் கையைப் பிடித்தார். "என்ன பிள்ளை சொல்லுறார்? நான் ஏதும் பிழை செய்துபோட்டனோ?"

சொன்னதைச் சொல்லியிருந்தால் பெர்னடெற்றுக்கு வேலை நிரந்தரம். அது எங்களுக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும்.

"ஒண்டும் இல்லை அக்கா. நீங்கள் வடிவாக் கும்பிட்டு முடியுங்கோ. மரினாவுக்காக நானும் கும்பிடுறன்" என்றாள்.

பிறகு கிரெக்கின் பக்கம் திரும்பி ஆங்கிலத்தில் கேட்டாள்: "பலகையில் எழுதி வைத்திருக்கிறீர்களே, அந்தப் பக்தர்கள் இவர்கள்தான். இவர்கள் தொடாமல் விட்டிருந்தால் அதில் எதை எழுதியிருப்பீர்கள்?"

அதிகாரம் கிரெக்கிடம் இருந்தது. அடுத்த கிழமையிலிருந்து ஏஜென்சி அவளுக்கு அங்கே ஷிப்ட் கொடுக்கவில்லை. முத்தமிட்டவர்கள் செத்துப்போனால் அரிய சிறப்பு, உயிரோடு வந்து நின்றால் குற்றம். இது எந்த ஊர் நியாயம்? வைன் கிளாஸ்காரனை யாராவது ஒரு வார்த்தை கேட்டார்களா? பெர்னடெற் மறுபடியும் மீன் வெட்டப் போனாள்.

மரினா சுகமாகி வீடு வந்ததும், நேர்த்திக்கடன் தீர்க்க அக்கா அந்த மாதாவிடம்தான் போக வேண்டும் என்று நின்றார். பெர்னடெற்றும் நானும் கூடப் போனோம். பலகை அப்படியே இருந்தது, ஒரு சொல் மாறவில்லை. சிலையைச் சுற்றி மட்டும் புதிதாகக் கண்ணாடிக் கூண்டு. அருகே போய்ப் பார்த்தால், பாதத்துக்கு நேரே கண்ணாடி முழுக்க யார் யாருடையவோ விரல் அடையாளங்கள்.

அக்கா அவற்றின் மேலேயே கையை வைத்தார். பக்கத்தில் பெர்னடெற் வைத்தாள். புதிதாகக் காவலுக்கு நின்ற பெண் துணியோடு அவசரமாக வந்தாள்.

"நாங்கள் கும்பிட்டு முடியட்டும்" என்றாள் பெர்னடெற், கையை எடுக்காமலே. "பிறகு துடையுங்கள்."