வயல் தெரியாத ஓடு

கல்முனையில் ஏறிய பஸ்ஸில் என் பக்கத்தில் இருந்தவர் ஒரு விவசாயி. தாடி நரைத்திருந்தது, கணுக்காலில் சேறு காய்ந்திருந்தது. நான் வரலாறு படிப்பிப்பவன் என்று தெரிந்ததும், இடுப்பில் கட்டியிருந்த சாரன் மடிப்பிலிருந்து ஒரு பானை ஓட்டை எடுத்துத் தந்தார். உழும்போது கிடைத்ததாம். உள்ளே கறுப்பு, வெளியே சிவப்பு.

"இது ரெண்டாயிரம் வருசத்துக்கும் மேல இருக்கும், காக்கா. அந்த இடத்தத் தோண்டினா அந்தக் காலத்துல இங்க ஆர் இருந்தாங்க எண்டு தெரியவரும். எந்த வயல்?" என்று கேட்டேன். மூத்தவரை அந்தப் பக்கத்தில் காக்கா என்றுதான் அழைப்பார்கள்.

அவர் ஓட்டை வாங்கி, அதன் விளிம்பைப் பெருவிரலால் தேய்த்துக்கொண்டே இருந்தார்.

"சொன்னா தொல்பொருள்காரங்க வந்து பலகை நடுவாங்க, சேர். புறகு வெள்ளாமை செய்ய ஏலா. மச்சான்ட வயல் அப்படித்தான் போன. அந்தக் காலத்து ஆக்களத் தேடி வந்து, இப்ப இருக்கிற எங்கள எழுப்பிருவாங்க."

அட்டாளைச்சேனையில் இறங்கும்போது ஓட்டை என் கையில் வைத்தார்.

"எறிய மனசு வரல்ல. நீங்க வெச்சிக்கங்க. வயல மட்டும் கேக்காதீங்க."

ஓடு என் மேசையில் இருக்கிறது. எங்கே எடுத்தது என்று பார்ப்பவர்கள் கேட்கிறார்கள். தெரியாது என்கிறேன். கிடைத்த இடம் தெரியாத ஓட்டால் எதையும் நிறுவ முடியாது. அறுவடைக் காலத்தில் மட்டும் அதைக் கையில் எடுத்து, அவர் தேய்த்த விளிம்பைத் தேய்த்துப் பார்ப்பேன். இந்தப் போகமும் அவர் விதைத்தாரா என்பதும் எனக்குத் தெரியாது.