வசந்தமலர் அக்காவின் சத்துமாவு

போன வாரம் அருப்புக்கோட்டைக்குப் பல் பிடுங்கப் போயிருந்தேன். ஊசி போட்டு, வாய் மரத்துப்போகும் வரைக்கும் வெளியே உட்காரச் சொன்னார்கள். எதிரே டிவியில் பழைய படம். ஒரு பெண் பால் டம்ளரில் எதையோ கலக்கிச் சிரித்துக்கொண்டே நீட்டுகிறாள். பக்கத்தில் இருந்த அம்மாள் தன் மகளிடம், "இவதான் வெசம் வைக்கிறவ. நம்ம பக்கத்துக்காரிதான்" என்றார், பெருமையாக. "அவுக ரொம்ப நல்லவுக" என்று சொல்ல வாயைத் திறந்தேன். எச்சில்தான் வழிந்தது. அந்தப் பிள்ளை பயந்துபோய் அம்மா மடியில் ஏறிக்கொண்டது.

வந்த எரிச்சலில் பல்வலிகூட மறந்துவிட்டது.

வசந்தமலர் அக்கா நரிக்குடிப் பக்கம் ஒரு கிராமத்தில் பிறந்தவர். என் அம்மா வயதுதான், ஆனால் அக்கா என்று கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்ப்பார். சென்னைக்குப் போய், பாட்டுக் காட்சிகளில் கதாநாயகிக்குப் பின்னால் குடம் தூக்கி, அப்புறம் தோழியாகி, கடைசியில் கொழுந்தனுக்குப் பாலில் விஷம் வைக்கும் அண்ணியாக நடித்தார். படம் ஓடு ஓடென்று ஓடியது. அதோடு சரி. பிறகு வந்த வேடமெல்லாம் டம்ளரோடுதான் வந்தது. "எத்தன பேருக்குத்தான் தம்பி வெசம் வைக்கிறது? கை வலிக்காதா?" என்பார். அலுத்துப்போய், சென்னை வீட்டை விற்றுவிட்டு வந்து பந்தல்குடி ரோட்டில் தகரக் கொட்டகை போட்டார். சத்துமாவுத் தொழில். அது நிலைத்தால்தான் அவருக்கு மிச்ச வாழ்க்கை.

கம்பு வறுக்கும் வாசனை இருக்கிறதே, ரோட்டில் போகும் பஸ்ஸில் தூங்குகிறவனையும் எழுப்பிவிடும். என் சட்டையெல்லாம் அந்த வாசனைதான். நான் அப்போது பி.காம் முடித்த கையோடு அங்கே விற்பனை மேலாளர். மேலாள எனக்குக் கீழே ஒருவரும் கிடையாது, அது வேறு விஷயம். வேலைக்கு இருந்த நான்கு பெண்கள் சலித்த மாவை அக்கா தானே மறுபடி சலிப்பார். "பிள்ளைக குடிக்கிறது" என்பார்.

பாக்கெட்டில் கம்பங்கதிர் படம் போதும் என்றவர் அவர். நான்தான், "உங்க மூஞ்சிதான்க்கா வெளம்பரம்" என்று ஸ்டுடியோவுக்குக் கூட்டிப்போனேன். பட்டுச் சேலை, சிரிப்பு, நீட்டிய கையில் டம்ளர். அந்த விஷப் படத்தைப் பற்றிக் கேள்விப்பட்டிருந்தேனே தவிர அந்தப் பால் டம்ளர் காட்சியை நான் பார்த்ததில்லை. அக்கா போட்டோவையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "டம்ளர் வேணுமா தம்பி?" என்றார். "கஞ்சின்னா டம்ளர் இல்லாம எப்படிக்கா?" என்றேன் பெரிய மேதாவி மாதிரி. என் பேச்சைக் கேட்டார் பாருங்கள், அதை நினைத்தால் இன்றைக்கும் ஆற்றாமையாக இருக்கிறது.

திருச்சுழியில் முதல் கடை அண்ணாச்சி பாக்கெட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ஏம்ப்பா, இத வித்துட்டு நான் போலீஸ் ஸ்டேசன்ல போயி உக்காரவா?" கடையே சிரித்தது. படத்தை மாற்றி, கதிரைப் போட்டும் பலனில்லை. பேச்சு ஊர் ஊராகப் போய்விட்டது. கொட்டகைக்குக் கூட்டம் வராமல் இல்லை. அக்காவோடு செல்ஃபி எடுக்க வந்தார்கள். தொண்டையைப் பிடித்துக்கொண்டு, நாக்கைத் தள்ளிக்கொண்டு நிற்பார்கள். அக்காவும் பக்கத்தில் நின்று சிரிப்பார். ஒருத்தராவது ஒரு பாக்கெட் வாங்க வேண்டுமே!

கடைசி முயற்சியாகத் திருச்சுழி பஸ் ஸ்டாண்டு பக்கம் மேசை போட்டு, மைக் கட்டினோம். அக்காவே கஞ்சி காய்ச்சி, ஊற்றி, நீட்டினார். நல்ல கூட்டம். ஒரு கை நீளவில்லை. கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு அந்த டம்ளரைத் தானே மடமடவென்று குடித்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து நின்றார்.

"ஆத்தி, என்னமா நடிக்கிறாக!" என்றாள் முன்னால் நின்ற ஒருத்தி.

கூட்டம் கை தட்டியது. அக்கா என் பக்கம் திரும்பினார். மைக்கைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நானும் தட்டிக்கொண்டிருந்தேன்.

திரும்பும்போது வேனில், "நீ ஏன் தம்பி தட்டுன?" என்று மட்டும் கேட்டார்.

அந்தப் பொங்கலுக்கு முன்பே கொட்டகையை மூடிவிட்டார். இப்போது அங்கே சிமென்ட் மூட்டை அடுக்கியிருக்கிறார்கள். அந்த நான்கு பெண்களும் மில் வேனில் வேலைக்குப் போகிறார்கள். எங்களுக்குக் கம்பு போட்ட புஞ்சையில் சீமைக் கருவேலம் மண்டிக் கிடக்கிறது. அக்கா கோயம்புத்தூரில் யாரோ சொந்தக்காரர் வீட்டில் இருப்பதாகக் கேள்வி. பழைய நம்பர் போவதில்லை.

ஊர்க்காரர்கள் மேல் எனக்கு இன்னும் கோபம்தான். ஆனால் உங்களிடம் சொல்வதற்கென்ன, கொட்டகையில் தினமும் பத்து மணிக்கு அக்கா எல்லோருக்கும் கஞ்சி ஊற்றுவார். என் முறை வரும்போது, "இப்பத்தான்க்கா டீ குடிச்சேன்" என்பேன். அங்கே வேலை பார்த்த இரண்டு வருஷமும் அப்படியேதான் சொன்னேன். அவர் ஒரு நாளும் வற்புறுத்தியதில்லை.