செண்பகத்தின் அழுகை

தையற்காரர் மகன் தனபாலனுக்கு ஆர்மோனியம் கைவந்தது மயிலாப்பூர் மாடவீதி பஜனையில்தான். அதைக் கேட்ட யாரோ அடையாறு ஸ்டுடியோவுக்கு அழைத்துப் போனார்கள். முதலில் பின்னணி வாசித்தார், பிறகு மெட்டுப் போட்டார். யுத்தம் நடந்த வருஷங்களில் ‘சங்கீதம்: தனபாலன்’ என்று திரையில் பேரும் வந்தது. பேர் வந்த பிறகும் முருகனைக் கும்பிடாமல் ஆர்மோனியப் பெட்டியைத் தொடமாட்டார்.

அவருடைய படங்களுக்குக் கோரஸ் பாட வருபவள் செண்பகம். ஒருநாள் தாலாட்டு ஒன்று பதிவாகிக்கொண்டிருந்தபோது அவள் கொழுந்தன் கதவைத் தள்ளிக்கொண்டு ஓடிவந்தான். துறைமுகத்தில் பாரம் தூக்கிய கயிறு அறுந்து மேலே விழுந்து அவள் புருஷன் போய்விட்டானாம். செண்பகம் கத்திய கத்தலில் பிடில்காரர் கையிலிருந்து வில் நழுவியது. மைக் திறந்தே இருந்தது. ஒலிப்பதிவு மெஷினும் ஓடிக்கொண்டிருந்தது.

“அந்த ஃபிலிம் துண்டை வெட்டி எறிஞ்சுடுங்க” என்று சவுண்டு இஞ்சினீயர் ஸ்ரீரங்கனிடம் சொல்லிவிட்டு, அவளைக் கைத்தாங்கலாக ரிக்ஷாவில் ஏற்றினார் தனபாலன்.

சில மாதம் கழித்துப் படம் வந்தது. தன் பாட்டைக் கேட்கட்டுமே என்று தனபாலனும் மனைவியும் செண்பகத்தை தியாகராயநகர் கொட்டகைக்குக் கூட்டிப்போனார்கள். திரையில் கதாநாயகியின் மகன் செத்துக் கிடக்கிறான். அவள் வாயைத் திறந்தாள். வந்தது செண்பகத்தின் குரல்.

பக்கத்து நாற்காலிக்காரர் மூக்கைச் சிந்திக்கொண்டே, “இன்னாமா அழுவுது பாரு நைனா!” என்றார்.

செண்பகத்தின் நாற்காலி காலியாக இருந்தது. தனபாலன் வெளியே ஓடினார். செண்பகம் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“அண்ணே, அது நான்தானே?”

தனபாலன் தலையைக் குனிந்துகொண்டார்.

“தெனம் எத்தினி ஆட்டம்ணே?” என்று கேட்டாள் அவள்.

மறுநாள் ஸ்ரீரங்கனிடம் போய் நின்றார்.

“ஃபிலிமே கிடைக்காத காலம், ஓய்! ஓடினதைத் தூக்கி எறியச் சொல்றீரே. நம்ம கதாநாயகிக்கு ஜென்மத்துக்கும் அப்படி அழ வருமா?”

“அது புருஷன் செத்ததுக்கு அழுத அழுகைங்க!”

“தெரியுமே. அதான் நன்னா இருக்கு” என்று ஸ்ரீரங்கன் சாவதானமாக வெற்றிலைப் பெட்டியை நீட்டினார்.

தனபாலன் படமெடுத்த முதலாளியிடம் போனார். கூட்டம் வருவதே அந்த இடத்துக்காகத்தான், வெட்ட முடியாது என்றுவிட்டார் அவர்.

அன்று மாலை ஆட்டத்துக்குத் தனபாலன் அதே கொட்டகையில் நேரே படம் ஓட்டும் ஆபரேட்டர் அறைக்கு ஏறினார். அந்த அழுகை வரும்போது சத்தத்தை நிறுத்தச் சொன்னார்.

“உன் படத்தையே ஊமையாக்க வந்துகிறியே, இன்னா சார் இது? மானேஜர் பார்த்தா என் சீட்டு கிழிஞ்சிடும்” என்றான் ஆபரேட்டர் வலியுல்லா.

தனபாலன் விஷயத்தைச் சொன்னார். வலியுல்லா “யா அல்லா” என்று சவுண்டுக் குமிழிலிருந்து கையை எடுத்துக்கொண்டான். அந்த இடம் வந்ததும் தனபாலனே குமிழைத் திருகினார். கதாநாயகி சத்தமில்லாமல் வாயைத் திறந்தாள்.

கீழே விசில் கிளம்பியது. “சவுண்டு! டேய், சவுண்டு விடுறா!” என்று பெஞ்சைத் தட்டினார்கள்.

“மதுரைக்கும் சேலத்துக்கும் படப் பெட்டி போய்கீதே சார்” என்று வலியுல்லா மெதுவாகக் கேட்டான். “அங்கல்லாம் சவுண்டை யாரு மூடுவாங்க?”

தனபாலன் குமிழை இறுக்கிப் பிடித்தபடியே நின்றார்.