அண்ணனுக்கு இணைச்சீர் செய்தவள் நான்

எங்கள் அண்ணன் மறைந்து ஓராண்டு ஆகிறது. உடன்பிறந்தவள் என்ற முறையில் என்னை எழுதச் சொன்னார்கள். "அடக்கமா எழுது அம்மணி" என்றும் சொன்னார்கள். முயன்று பார்க்கிறேன்.

வெள்ளகோவிலுக்கு அருகே பிறந்து, கோவையில் மோட்டார் பட்டறையில் வேலை பழகி, கடற்படையில் சேர்ந்தவர் அண்ணன். நீர்மூழ்கிக் கப்பலில் இன்ஜின் அவர் பொறுப்பு. வாரக்கணக்கில் வெயில் கிடையாது, குளியல் கிடையாது. இரண்டு பேருக்கு ஒரே படுக்கை. ஒருவர் எழுந்து வேலைக்குப் போனால்தான் மற்றவர் படுக்கலாம். விடுப்பில் வந்து பையைத் திறந்தால் வீடே டீசல் மணக்கும். எங்கே போனீர்கள் என்று கேட்டால் சிரிப்பார், அவ்வளவுதான்.

அவர் திருமணத்துக்கு முந்தைய ஆண்டு என் கணவர் இறந்தார். எனக்கு இருபத்து மூன்று வயது. மாப்பிள்ளைக்கு அருகில் நின்று உடன்பிறந்தவள் செய்யும் இணைச்சீரை, என்னை விலக்கிவிட்டுச் சித்தப்பா மகளிடம் கொடுத்தார்கள். நான் சமையற்கட்டில் ஒதுங்கிக்கொண்டேன். அண்ணன் அங்கேயே வந்து என் கையைப் பிடித்து மணவறைக்கு இழுத்துப் போனார். பெரியப்பா குறுக்கே நின்றார்.

"ஏனுங்க பெரியப்பா, கடலுக்கடியில ஒருக்கா குழாய் வெடிச்சுத் தண்ணி பீச்சுச்சுங்க. பக்கத்துல நின்னவன் பாஞ்சு வால்வை மூடுனான். பொண்டாட்டியப் பறிகொடுத்து மூணு மாசமுங்க அவனுக்கு. அவங் கை ஆகாதுன்னு சொல்லியிருந்தா, இன்னிக்கு மாப்பிள்ளையா நிப்பனுங்களா? எந்தங்கச்சி செய்யோணும். இல்லீனா மணவறையப் பிரிச்சுப்போடுங்க."

பெரியப்பா ஒதுங்கி வழிவிட்டார். இணைச்சீர் நான்தான் செய்தேன். அழுதுகொண்டே செய்தேன்.

சென்ற ஆண்டு நெஞ்சுவலியில் அண்ணன் போனார். மூன்றாம் நாளே ஒரு பேச்சு என் காதுக்கு வந்தது. தாலியறுத்தவள் சீர் செய்ததால்தான் ஆயுள் குறைந்ததாம். அடேயப்பா! கல்யாணத்துக்குப் பிறகும் பதினோரு ஆண்டு கடலுக்கடியில் போனார். போன முறையெல்லாம் மேலே வந்தார். ஓய்வுபெற்றுப் பெருந்துறையில் பட்டறை வைத்தார், பிள்ளைகளைப் படிக்கவைத்தார். நான் சீர் செய்த பிறகு அவர் வாழ்ந்த இருபத்தாறு ஆண்டும் என் ராசி எங்கே போயிருந்தது?

ஆம்புலன்ஸ் வரும்வரை அண்ணனின் மார்பை அழுத்திக்கொண்டிருந்த பக்கத்துப் பட்டறை பாய்க்கும், தகவல் கேட்டதும் ரயிலேறி வந்த கப்பல் நண்பர்களுக்கும், தோள் கொடுத்த உறவினர்களுக்கும் எங்கள் குடும்பம் என்றும் கடமைப்பட்டுள்ளது.

வரும் தையில் அண்ணன் மகனுக்குத் திருமணம். அண்ணியார் முன்னால் வரத் தயங்குகிறார். நான் விடப்போவதில்லை. மகனுக்குத் தாலியை எடுத்துக் கொடுக்கப்போவது அவர்தான். பிடிக்காதவர்களும் அவசியம் வாருங்கள். பந்தியில் உட்கார்ந்து வயிறாரச் சாப்பிடுங்கள். வாயை அதற்கு மட்டும் திறங்கள்.