ஏழாவது அடி

“அக்கரைக்கு ஆளுண்டா... அக்கரைக்கூ...!”

துடுப்புக் கட்டையால் படகின் விளிம்பைத் தட்டித் தட்டிப் பாடுகிறார் இத்ரீஸ். இந்தோனேசியாவின் அம்போன் விரிகுடாவில் இந்தப் பாட்டுக்கு எழுந்து வராத பயணி கிடையாது. ஓர் எழுத்துகூடச் சறுக்காது. ஆனால் படகேறும் வெளியூர்க்காரர், “உன் பேரென்னப்பா?” என்று கேட்டுவிட்டால் போச்சு. தாடை பூட்டிக்கொள்ளும், கழுத்து நரம்பு புடைக்கும். “இ... இ... இ...” என்று இழுபட்டுக் கிடப்பார். துறையில் உட்கார்ந்திருக்கும் மீன்காரி ஒருத்திதான், “இத்ரீஸ்யா அவர் பேரு! பேசாம ஏறு” என்று முடித்துவைப்பாள்.

திக்குவாய்க்கும் அவருக்கும் ஒரே வயது, ஐம்பத்து மூன்று. தொழுகையில் ஓதும்போது திக்காது. கேள்வி கேட்டால்தான் திக்கும். உலகத்தில் எத்தனையோ திக்குவாய்கள் நிம்மதியாகச் சாப்பிட்டுத் தூங்குகிறார்கள். இவருக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. இறந்தவரின் மையத்தை அடக்கிவிட்டு ஜனங்கள் திரும்பி ஏழடி வைத்ததும் முன்கர், நக்கீர் என்ற இரண்டு வானவர்கள் கப்ருக் குழிக்குள் வருவார்கள் என்பது அவர் ஊர் நம்பிக்கை. வந்து, செத்தவனை எழுப்பி உட்காரவைத்துக் கேட்பார்கள். உன் இறைவன் யார்? உன் நபி யார்? உன் மார்க்கம் எது? பால் மறந்த பிள்ளைக்குக்கூட பதில் தெரியும். தெரிந்து என்ன செய்ய, வாய் வரவேண்டுமே!

முஸ்லிம்களும் கிறிஸ்தவர்களும் மோதிக்கொண்ட கலவர வருஷத்தில் ஒரு மத்தியானம் அவருடைய மார்க்கத்துப் பையன்களே சாலைத் தடுப்பில் அவரை நிறுத்தினார்கள். “நம்மாளா? எங்கே, கலிமா சொல்லு பாப்போம்.” நெஞ்சு முழுக்கக் கலிமா, அந்த விசுவாச உறுதிமொழி, இருந்தது, உதடு வரை வரவில்லை. ஒருவன் கத்தியை ஓங்கிவிட்டான். ஜாதிக்காய் காயப்போட்டுக்கொண்டிருந்த ஒரு பெண், “அட பாவிங்களா, அவன் திக்குவாய்டா!” என்று அலறிக்கொண்டு ஓடி வந்ததில் தலை தப்பியது. அன்றிலிருந்து வானவர்கள் என்றாலே அவருக்கு அந்தப் பையன்களின் முகம்தான்.

இமாமிடம் சொல்லிப் பார்த்தார். “அங்க நாக்கா பேசப்போவுது? ஈமான்தான்யா, மனசுல உள்ள நம்பிக்கைதான் பேசும்” என்றார் இமாம்.

“த... தடுப்புலயும் ஈமான் இருந்துச்சே. எ... எவன் பாத்தான்?”

இமாம் தேநீரைக் குடித்துவிட்டு எழுந்து போய்விட்டார்.

டொமிங்குஸ் அண்ணன் வேறு ரகம். கிறிஸ்தவர். அவர் ஊரும் இத்ரீஸின் ஊரும் பாட்டன்மார் காலத்தில் சத்தியம் செய்து சகோதர ஊர்களானவை. இந்த ஊர்ப் பள்ளிவாசலுக்கு அவர்கள் கூரைமரம் சுமப்பார்கள். அந்த ஊர்க் கோயிலுக்கு இவர்கள் தூண் சுமப்பார்கள். புகைபோட்ட சூரை மீனைக் கூடையில் வைத்துக்கொண்டு தினமும் இந்தப் படகில்தான் டொமிங்குஸ் சந்தைக்குப் போவார். தினமும் வழக்கும் நடக்கும்.

“எனக்கு அந்தத் தொல்லையே இல்ல தம்பி. எனக்காக யேசு பேசுவார். என் பாவத்துக்கு அவர் சிலுவையில செத்து, மூணாம் நாள் எந்திரிச்சிட்டாருல்ல?”

“ஈ... ஈசா நபி சாகல. அல்லா உ... உயர்த்திக்கிட்டான்.”

“சரி சரி, நடுத்தண்ணியில வேண்டாம். கவுத்துப்புடுவ!”

ஒருநாள் இத்ரீஸ் துடுப்பை நிறுத்திவிட்டுக் கேட்டார். “உனக்குப் ப... பயமே இல்லியாண்ணே?”

டொமிங்குஸ் மீன்கூடையை ஒருதரம் மூடித் திறந்தார். “இல்லாம இருக்குமாடா? உங்கிட்டயாவது கேள்வி கேப்பாங்க. எங்கிட்ட ஆண்டவரு என்னத்தக் கேக்கப்போறாரு, அவருக்குத்தான் நான் செஞ்சது எல்லாம் தெரியுமே.” இத்ரீஸ் துடுப்பை மறுபடி தண்ணீரில் போட்டார்.

போன செவ்வாய்க்கிழமை இத்ரீஸின் தம்பி ரித்வான் காய்ச்சலில் போய்விட்டான். அண்ணனைவிட மோசமான திக்கல் அவனுக்கு. நிக்காஹ் பந்தலில் ‘சம்மதமா?’ என்ற கேள்விக்குப் பதில் வராமல் அவன் முழித்ததில் பெண்வீட்டார் எழுந்து போனார்கள். அதற்குப் பிறகு அவன் கல்யாணப் பேச்சே எடுக்கவிடவில்லை. அவன் பேச்சு முழுதாகப் புரிந்த ஒரே ஆள் இத்ரீஸ்.

சகோதர ஊர் முறைப்படி குழி வெட்ட டொமிங்குஸ் வந்திருந்தார். அடக்கம் முடிந்தது. இமாம் தலைமாட்டில் உட்கார்ந்து, வானவர்களுக்குச் சொல்லவேண்டிய பதில்களை மையத்துக்கு எடுத்துச் சொன்னார். வானம் இருட்டிக்கொண்டு வந்ததால் ஜனங்கள் வேகமாகக் கலைந்தார்கள். இத்ரீஸும் திரும்பினார். ஒன்று, இரண்டு... ஆறாவது அடியோடு கால் நின்றுவிட்டது. தாடை பூட்டிக்கொள்வது மாதிரியே முழங்கால் பூட்டிக்கொண்டது.

“என்னடா?” என்றார் மண்வெட்டியோடு நின்ற டொமிங்குஸ். மையவாடியில் வேறு யாரும் இல்லை.

“நா... நான் போனா அ... அவங்க வந்துருவாங்கண்ணே. இவன் நி... நிக்காஹ்லயே வாய் தெறக்காதவன். இ... இவன என்ன செ... செய்வாங்களோ!”

டொமிங்குஸ் நெற்றி வேர்வையைத் துடைத்தார். “எங்க வேதத்துல மோசேக்கும் நாக்கு வராது. ராஜா முன்னாடி அவருக்குப் பதிலா பேசினது யாரு?”

“எ... எங்கள்லயும் உண்டு. மூ... மூசா நபிக்கு அ... அண்ணன் ஹாரூன்.”

“இவனுக்கு நீ யாருடா?”

இத்ரீஸ் திரும்பி ஓடினார். தலைமாட்டில் குந்தி ஈரமண்ணை உள்ளங்கையால் தட்டினார். படகு விளிம்பில் தட்டும் அதே தாளம். “பா... பாட்டாச் சொல்லுடா தம்பி. தி... திக்காது.” பிறகு பயணிகளைக் கூப்பிடும் அந்த ராகத்தில், “என் இறைவன் அல்லாஹ்... என் நபி முஹம்மது... என் மார்க்கம் இஸ்லாம்...” என்று பாடினார். ஓர் எழுத்து சறுக்கவில்லை. மறுபடியும் பாடினார். டொமிங்குஸ் பாடவில்லை, அந்த வார்த்தைகள் அவருடையவை அல்ல. மண்வெட்டிக் காம்பால் தாளத்தை மட்டும் போட்டுக்கொண்டிருந்தார்.

மழை பெரிதாக விழத் தொடங்கியதும் இத்ரீஸ் எழுந்தார். அங்கே பாட்டாகச் சொன்னால் ஏற்றுக்கொள்வார்களா என்று அவருக்கு யாரும் சொன்னதில்லை. முதலிலிருந்து அடிகளை எண்ணி நடந்தார். ஆறு வந்தது. கண்ணை இறுக மூடிக்கொண்டு, முன்னால் போன டொமிங்குஸின் சட்டையைப் பின்னாலிருந்து கெட்டியாகப் பிடித்தபடி ஏழாவது அடியை வைத்தார்.