பதினோராம் நம்பரின் கடைசி ஆட்டம்

பூப்பாறைக்கு மேலே உள்ள தேயிலைத் தோட்டத்தில் சுடலைமணியை ஏமாளி என்று சொல்லாத ஆள் கிடையாது. சொல்கிறவர்களில் அவனிடம் எதையும் வாங்காத ஆளும் கிடையாது என்பது வேறு விஷயம். கேட்டால் தன் லீவை விட்டுக்கொடுப்பான். கேட்டால் மழைக்கோட்டைக் கழற்றிக் கொடுத்துவிட்டு நனைந்துகொண்டே வருவான். வயது முப்பத்தொன்பது. ஃபாக்டரியில் தேயிலையை உலர்த்தும் டிரையர் அடுப்பைப் பார்த்துக்கொள்ளும் வேலை. கல்யாணம் ஆகவில்லை. ஏன் என்று கேட்டால் ஒரு சிரிப்பு சிரிப்பான். அந்தச் சிரிப்பைப் பார்த்தால் கன்னத்தில் ஒன்று விடலாமா என்று கேட்டவருக்குத் தோன்றும்.

பத்தொன்பது வயதில் அவன் தோட்டத்து ஃபுட்பால் டீமில் இடது பக்கம் ஓடுகிற பதினோராம் நம்பர். கோதமங்கலத்தில் ஒரு கல்லூரி அவன் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு, விளையாட்டுக் கோட்டாவில் சீட்டு தருகிறோம், ஜூன் மாதம் வந்து சேர் என்று கடிதம் போட்டது. அந்த ஜூன் மாதம்தான் அப்பா ரிட்டயர் ஆனார்.

தொழிலாளிகள் வரிசையாகக் குடியிருக்கும் லயத்து வீடு கம்பெனியின் வீடு. குடும்பத்தில் ஒருவர் பேர் செக்ரோல் என்கிற நிரந்தரத் தொழிலாளர் பதிவேட்டில் இருக்கும்வரை எல்லாரும் அதில் இருக்கலாம்; அந்தப் பேர் போய்விட்டால் பாத்திரம் பண்டத்தோடு இறங்க வேண்டியதுதான். அம்மா ராமுத்தாய் நிரந்தரம் ஆகாத வேலைக்காரி, அவள் பேர் கணக்கில் வராது. தம்பி பாண்டீஸ்வரனுக்கு அப்போது பதிமூன்று வயது. சுடலைமணி கடிதத்தை மடித்து டிரங்குப் பெட்டியில் போட்டுவிட்டு ஆபீஸில் போய்ப் பேர் கொடுத்தான். யாரும் அவனைக் கட்டாயப்படுத்தவில்லை. கட்டாயப்படுத்தியிருந்தால் பின்னால் குறை சொல்லவாவது ஒரு ஆள் கிடைத்திருக்கும்.

தம்பி படித்தான். எலக்ட்ரீஷியன் ஆனான். மூணாறில் ஒரு ரிசார்ட்டில் வேலை கிடைத்து, லயத்திலிருந்தே தினமும் போய்வந்தான். ஏழெட்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு போனஸுக்கு அண்ணன் தம்பி இரண்டு பேருமாகச் சேர்ந்து டிவியில் மாட்டி விளையாடும் கேம் பெட்டி ஒன்று வாங்கினார்கள். போனஸ் அண்ணனுடையது. வாங்கலாம் என்ற யோசனை தம்பியுடையது.

பெட்டியைத் திறந்ததும் அது முதலில் கேட்டது ஒரு பேரை. ஈமெயில் வேண்டும், பேங்க் கார்டு வேண்டும், அதன் பேரில்தான் விளையாட்டுகளை நெட்டில் வாங்கி இறக்க முடியும்.

"உன் பேர்லயே போடுலே" என்றான் சுடலைமணி. "நீதான் படிச்சவன்."

"நீதான காசு குடுத்த, உன் பேர்ல போடுண்ணே."

"யார் பேர்ல இருந்தா என்னலே? இங்க இருக்க எல்லாருக்கும் உள்ளதுதான."

பிறந்ததிலிருந்து லயத்தில் வாழ்ந்தவன் வேறெப்படி யோசிப்பான்? ஒருவன் பேரில் இருந்தால் வீட்டில் உள்ள அத்தனை பேருக்கும் உரிமை என்பதுதான் அவனுக்குத் தெரிந்த சட்டம். சொல்லப்போனால் அந்தப் பெட்டியின் சட்டமும் ஏறக்குறைய அதேதான். விளையாட்டை வாங்கியவன் எந்தப் பெட்டியைத் தன் வீட்டுப் பெட்டி என்று குறித்து வைக்கிறானோ, அதில் யார் வேண்டுமானாலும் தன் தன் பேரில் யூசர் திறந்து விளையாடலாம். ஆடிய கணக்கும் ஆளுக்கு ஆள் தனித்தனியாக இருக்கும். ஆனால் ஒருவன் ஒரு பெட்டியைத்தான் அப்படிக் குறிக்க முடியும். அதை அன்றைக்கு இரண்டு பேரும் படித்துப் பார்க்கவில்லை.

ஃபுட்பால் விளையாட்டு ஒன்றைத் தம்பி பேரில் வாங்கினார்கள். அதில் நாமே ஒரு ஆட்டக்காரனை உண்டாக்கி, பதினேழு வயதிலிருந்து ஓய்வு பெறும்வரை ஆட வைக்கலாம். சுடலைமணி தன் யூசரில் சுடலைமணி என்றே ஒருவனை உண்டாக்கினான். இடது பக்கம், பதினோராம் நம்பர். தலைமுடி மட்டும் நிஜத்தில் இருப்பதைவிடக் கொஞ்சம் கூடுதல். முப்பத்து நான்கு வயதில் அந்த ஆள் பூட்ஸைக் கழற்றிவிடுவான், அது விளையாட்டின் விதி.

தம்பிக்குப் பொறுமை கிடையாது. ஒரு பட்டனைத் தட்டினால் மேட்ச் தானாக முடிந்து ரிசல்ட் வந்துவிடும், அவன் சீசன் சீசனாகத் தட்டித் தள்ளிவிடுவான். அண்ணன் ஒரு மேட்ச் விடமாட்டான். பயிற்சி ஆட்டம், மழையில் தோற்கப்போகிற ஆட்டம், ஒன்றுக்கும் உதவாத ஆட்டம், எல்லாவற்றையும் முதல் விசிலிலிருந்து கடைசி விசில்வரை உட்கார்ந்து ஆடுவான்.

"பூரா ஆடித் தீக்கப்போறியாண்ணே? பட்டனத் தட்டி விடு" என்பான் பாண்டீஸ்வரன்.

"வெளிய உக்காந்து பாத்ததெல்லாம் போதும்லே" என்பான் அண்ணன். சிரித்துக்கொண்டுதான் சொல்வான். தம்பியும் சிரிப்பான், ஒன்றும் புரியாமல்.

டூட்டி இல்லாத நேரத்தில், ஞாயிற்றுக்கிழமைகளில், சங்கு ஊதுவதற்கு முன்னால் கிடைக்கும் அரை மணியில் என்று ஏழு வருஷத்தில் பதினாறு சீசன் போயிற்று. இதற்குள் தம்பிக்குக் கல்யாணம் ஆனது. பெண் சித்ரா, கொல்லங்கோட்டுக்கு அந்தப் பக்கம் கோவிந்தாபுரம். மாமனார் வழியாகக் கஞ்சிக்கோட்டில் ஒரு கம்பெனியில் வேலை கிடைத்து, இரண்டு பேரும் பாலக்காட்டுப் பக்கமே போய்விட்டார்கள். பெட்டி லயத்திலேயே இருந்தது. தம்பி விட்டுவிட்டுப் போனான் என்று சுடலைமணி எல்லாரிடமும் பெருமையாகச் சொல்லிக்கொண்டான். தன் போனஸில் வாங்கிய சாமானைத் தனக்கே விட்டுவிட்டுப் போனதற்குப் பெருமை!

போன ஆடி மாதம் பதினேழாவது சீசன் முடியும் இடத்துக்கு வந்தது. அந்த ஆளுக்கு முப்பத்து நான்கு. மிச்சம் இருந்தது ஒரே ஒரு மேட்ச், கப்பு ஃபைனல். பதினேழு வருஷத்தில் அவன் வாங்காத கப்பு அது ஒன்றுதான். புதன்கிழமையே ஆடியிருக்கலாம். டிரையர் பக்கம் எட்டு மணி நேரம் நின்று வெந்த கையோடு அந்த மேட்சைத் தொடக்கூடாது, ஞாயிற்றுக்கிழமை குளித்துவிட்டு ஆடுவோம் என்று தள்ளி வைத்தான். அந்த வாரம் முழுக்க மழையில் நெட் இல்லை. சனிக்கிழமை கேபிள்காரர் வந்து கம்பியைச் சரிசெய்துவிட்டுப் போனார். அதுவரை உலகத்தில் நடந்தது ஒன்றும் தெரியாமல் இருந்த பெட்டிக்கு அப்போதுதான் எல்லாம் தெரிந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலை, குளித்து, தலை சீவி, பால் விடாத கட்டன் சாயா குடித்துவிட்டு உட்கார்ந்தான். விளையாட்டின் படத்தின்மேல் சின்னதாக ஒரு பூட்டு. அழுத்தினால், இதை நீங்கள் வாங்கவில்லை என்று வந்தது. அவன் ஆடிய கணக்கு அவன் யூசரில் அப்படியே இருந்தது: பதினேழாவது சீசன், ஃபைனல், சுடலைமணி, பதினோராம் நம்பர். பார்க்கலாம், திறக்க முடியாது.

தம்பிக்குப் போன் போட்டான்.

"பெட்டியில பூட்டு விழுந்திருக்குலே."

"அடடா, சொல்ல மறந்துட்டேன்ணே. இங்க புதுசு ஒண்ணு வாங்கிட்டேன். அதத்தான் வீட்டுப் பெட்டின்னு மாத்திப் போட்டிருக்கேன்."

"அப்போ இது?"

"அது இனி சும்மா பெட்டிதான்."

"ஒரு நாளைக்கு மாத்திக் குடுலே. ஒரே ஒரு மேட்சுதான் மிச்சம்."

"வருசத்துக்கு இத்தன தடவைன்னுதான் மாத்த விடுவான்ணே. இங்க கம்பெனி ஆளுக ஞாயித்துக்கிழமை ஆட வந்துருவானுவ. நீ ஒண்ணு செய், என் பேர்ல உள்ள போயி ஆடு. பாஸ்வேர்டு தாரேன்."

"உன் பேர்ல போனா என் ஆளு அங்க இருக்க மாட்டானேலே."

"புதுசா ஒருத்தன உண்டாக்கு. குழப்பமில்ல."

சுடலைமணி தன் பேரிலேயே அதை வாங்கிவிடலாம் என்று தேடினான். அது பழைய வருஷத்து விளையாட்டு, நெட்டுக் கடையிலிருந்தே எடுத்துவிட்டார்கள். புது வருஷத்ததை வாங்கலாம், அதில் பழைய ஆள் வரமாட்டான். அதன்பிறகு ஐந்து மாதத்தில் நான்கு தடவை தம்பியிடம் கேட்டான். நேராகக் கேட்கக் கூச்சம். முப்பத்தொன்பது வயது ஆள் ஒரு விளையாட்டுக்காகத் தம்பியிடம் தொங்குவதா? அம்மாவின் மூட்டு வலி, மழை, ரேஷன் அரிசி எல்லாம் பேசி முடித்துவிட்டுக் கடைசியில், "அந்தப் பெட்டி விஷயம் என்னாச்சுலே?" என்பான். அடுத்த வாரம் பார்ப்போம் என்பான் பாண்டீஸ்வரன். அவன் கெட்டவன் இல்லை. கேட்டவுடன் கிடைத்தே வளர்ந்தவன். கிடைக்காமல் காத்திருப்பது எப்படி இருக்கும் என்பது அவனுக்குத் தெரியாது, அவ்வளவுதான்.

தை மாதம் காளியம்மன் கோயில் திருவிழாவுக்குத் தம்பியும் சித்ராவும் வந்தார்கள். இரண்டு நாள் சாமி கும்பிட்டார்கள், கறி தின்றார்கள். புறப்படும் நாள் காலையில் பாண்டீஸ்வரனே வாயைத் திறந்தான்.

"அண்ணே, மாத்துறதுக்கு உள்ள தடவையில ஒண்ண உனக்காகச் செலவழிக்கேன். இன்னிக்கு இந்தப் பெட்டிய வீட்டுப் பெட்டின்னு மாத்தி விடுதேன். நாங்க மூணு மணி ஜீப்புக்குப் போணும், அதுக்கு முன்னால திரும்ப மாத்திருவேன்."

சுடலைமணிக்கு முகமெல்லாம் சிரிப்பு. அன்றைக்கு அவனுக்கு லீவு இருந்திருக்க வேண்டும். ஆனால் கூட வேலை பார்க்கும் லிபின், பெண்டாட்டியை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போக வேண்டும் என்று முதல் நாள் வந்து நின்றான், இவன் தூக்கிக் கொடுத்துவிட்டான். பரவாயில்லை, டூட்டி இரண்டு மணிக்கு முடியும், ஒரு மேட்சுக்கு இருபது நிமிஷம் போதும். காலை முழுக்க டிரையர் முன்னால் நின்று, எந்தப் பக்கம் வெட்டி உள்ளே போவது, எதிரி டீமின் பின்வரிசையில் எவன் மந்தம் என்று மனசுக்குள் ஆடிப் பார்த்தான். அவன் அவ்வளவு சந்தோஷமாக இருந்து ஃபாக்டரியில் யாரும் பார்த்ததில்லை.

இரண்டு மணி சங்கு ஊதியதும் கை கழுவாமல் ஓடினான். லயத்துக்கு மேட்டில் ஏற வேண்டும், பத்து நிமிஷ நடையை ஐந்து நிமிஷத்தில் ஏறினான்.

வாசலிலேயே ராமுத்தாய் நின்றிருந்தாள். "ஏலே மணி, தம்பி உனக்குக் கப்பு வாங்கிக் குடுத்துட்டான்லே!"

உள்ளே பாண்டீஸ்வரன் ரிமோட்டைப் பிடித்தபடி கட்டிலில் சாய்ந்திருந்தான். டிவியில் சுடலைமணியின் யூசர் திறந்திருந்தது. அதற்குப் பாஸ்வேர்டு எதுவும் கிடையாது, சொந்தத் தம்பிக்கு எதற்குப் பூட்டு என்று போடாமல் விட்டிருந்தான்.

"மூணு சைபர்ணே! நீ அடுப்புல நின்னு தளந்து போய் வருவ, அவசரத்துல ஆடித் தோத்துட்டா இத்தன வருசமும் வீணால்ல போகும்? அதான் நானே ஆடி முடிச்சு விட்டேன். பட்டனத் தட்டலண்ணே, உன்னை மாதிரியே பூரா ஆடினேன்."

"மாமா, உங்க ஆளு கப்பைத் தூக்குனதை வீடியோ எடுத்து வெச்சிருக்கறனுங்க, பாருங்க" என்று சித்ரா போனை நீட்டினாள். அவள் முகத்தில் இருந்தது உண்மையான சந்தோஷம். அதனால் அவளைக் கோபிக்கவும் வழியில்லை.

டிவியில் கடைசிப் பக்கம் நின்றது. சுடலைமணி ஓய்வு பெற்றார். பதினேழு சீசன், இத்தனை மேட்ச், இத்தனை கோல். கீழே ஒரே ஒரு பட்டன், புதிதாகத் தொடங்குக என்று. பின்னால் போக வழியில்லை; மேட்ச் முடிந்ததுமே பெட்டி தானாகச் சேமித்துவிட்டது.

சுடலைமணி தரையில் உட்கார்ந்தான். தம்பியின் சட்டையைப் பிடித்து இழுத்து வெளியே தள்ள வேண்டும்போல இருந்தது. வாழ்க்கையில் முதல் தடவையாக, கூடப் பிறந்தவனை வெறுத்தான். அது அவனுக்கே நன்றாகத் தெரிந்தது.

"கடைசி கோலு யாருலே அடிச்சா?" என்று கேட்டான்.

"உன் ஆளுதான். பதினோராம் நம்பர்."

"எந்தக் கால்ல?"

பாண்டீஸ்வரன் கொஞ்சம் யோசித்தான். "அதெல்லாம் யாருண்ணே பாத்தா? உள்ள போயிடுச்சுல்ல."

அதற்குள் மணி இரண்டரை. பாண்டீஸ்வரன் உட்கார்ந்த இடத்திலிருந்தே நாலு பட்டனைத் தட்டினான். பூட்டுப் படம் திரும்ப வந்து உட்கார்ந்தது. சித்ரா பைகளை எடுத்து வைத்தாள், ராமுத்தாய் தேயிலைப் பொட்டலமும் ஏலக்காயும் கட்டிக் கொடுத்தாள். பெரிய பையை வழக்கம்போல அண்ணன்தான் தோளில் போட்டுக்கொண்டு ரோடு வரைக்கும் இறங்கினான். ஒரு வார்த்தை திட்டியிருக்கலாம். பையைக் கீழே வைத்துவிட்டுத் திரும்பியிருக்கலாம். அவன் செய்யவில்லை.

ஜீப் வந்தது. ஏறி உட்கார்ந்த பாண்டீஸ்வரன் தலையை வெளியே நீட்டினான்.

"பதினேழு வருசம் வாங்க முடியாத கப்ப வாங்கிக் குடுத்திருக்கேன். ஒரு தேங்ஸ்கூட இல்லியாண்ணே?"

"தேங்ஸ்லே" என்றான் சுடலைமணி.

தம்பி ஆடியதைக்கூட அவன் ஒருநாள் மறந்துவிடுவான். அந்த ஒரு வார்த்தையைச் சொன்னதற்காகத் தன்னை அவன் இன்றுவரை மன்னிக்கவில்லை.